வீயாவைக் கண்டது ஆர்?

விளையாட்டுத் திடல் › உதைபந்தாட்டம்

வாய்க்கால்கரையான்
வெள்ளி, இரவு 8.47

வணக்கம் உறவுகள். கன நாளைக்குப் பிறகு இந்தப் பக்கம் வாறன். அருவி வெட்டு முடிஞ்சு இப்பதான் கொஞ்சம் மூச்சு விடுறன்.

முத்தையன்கட்டுப் பக்கம் பின்னேரத்தில பெடியளுக்குப் பந்து பழக்கிறனான் எண்டு இங்கத்தைப் பழைய ஆக்களுக்குத் தெரியும். கோச் எண்டு சொல்ல என்னட்டைச் சேர்ட்டிபிக்கற் ஒண்டும் இல்லை. ஒரு விசில், ரெண்டு பந்து, அவ்வளவுதான். போன புதன் பழகத் தொடங்கேக்கயே மழை இருட்டிக்கொண்டு வந்திட்டுது. எல்லாரும் வாசிகசாலைத் தாழ்வாரத்தில ஒதுங்கினம். சும்மா விட்டா ஆளை ஆள் தள்ளி விழுத்துவாங்கள் எண்டு, போனைத் தண்ணிப் போத்தலில சாத்தி வைச்சு ஒரு பழைய கோலைப் போட்டன். ஆபிரிக்காவில லைபீரியா நாட்டு ஜோர்ஜ் வீயா, இத்தாலியின்ர ஏசி மிலானுக்கு விளையாடேக்க. வெரோனாவுக்கு எதிரா 1996 செப்டெம்பர் 8 அடிச்சது.

பாக்காத ஆக்களுக்குச் சொல்லுறன். வெரோனாக்காரர் கோனர் கிக் அடிக்கினம். பந்து எல்லாற்ற தலைக்கும் மேலால வந்து தூரத்துப் பக்கம் விழுது. அதில வீயா நிக்கிறார், தன்ர பெட்டிக்குள்ள. எடுத்தவர் ஒருத்தருக்கும் குடுக்கேல்லை, ஓடத் தொடங்கிட்டார். நடுக்கோட்டடியில ஆக்கள் மறிக்கினம். ஒரு சுத்து. பந்து காலை விட்டுப் போட்டுது, இனி இல்லை எண்டு நினைக்கேக்க திரும்பி அவரிட்டையே வருது, நாய்க்குட்டி மாதிரி. பிறகென்ன, மற்றப் பெட்டி மட்டும் போய் வலக்காலால நிலத்தோட ஒரு அடி. மிலான் 4-1.

பெடியள் ஒரு சத்தமும் இல்லை. பேந்து ஒருத்தன் கேட்டான்: “அண்ணை, உவர் எத்தினை வேர்ல்ட் கப் விளையாடினவர்?”

ஒண்டும் இல்லை எண்டன். நம்பேல்லை. உலகத்திலயே சிறந்த வீரர் எண்டு பரிசு வாங்கின ஆள் எப்பிடி வேர்ல்ட் கப்புக்குப் போகாமல் இருப்பார் எண்டு கேட்டான். அடுத்த நாள் அவன்தான் நேரத்தோட வந்து, கிறவுண்டில இந்தப் பெட்டியில இருந்து அந்தப் பெட்டிக்குக் காலடி வைச்சு அளந்துகொண்டு நிண்டான். எங்கட கிறவுண்ட் கட்டை. அப்பிடியிருந்தும் பாதியில பந்தை உருட்டிக்கொண்டு போனவன் வயித்தைப் பிடிச்சுக்கொண்டு இருந்திட்டான்.

அந்தக் கோல் அடிச்ச திகதியை நான் மறக்கமாட்டன். அண்டைக்கு எங்களுக்கு அந்தக் கோல் தெரியாது. கிளிநொச்சியைப் பிடிக்க ஆமியின்ர சத்ஜெய நடவடிக்கை நடந்துகொண்டிருந்த நேரம். கிளிநொச்சியை விட்டு வெளிக்கிட்டு ஸ்கந்தபுரத்தில ஒரு முதிரை மரத்துக்குக் கீழ தறப்பாள் கட்டி இருந்தம். எனக்குப் 14 வயசு. 2002இல சண்டை நிண்டு ஏ9 பாதை திறந்த பிறகு ஒரு சீடியிலதான் அந்தக் கோலைக் கண்டனான். திகதியைப் பாத்திட்டு விரல் விட்டு எண்ணினன்: அந்த ஞாயிற்றுக்கிழமை நாங்கள் தண்ணிக்கு எங்க போனனாங்கள் எண்டு.

வீயாவின்ர ஊரும் அப்ப அதே கோலம்தான். லைபீரியாவில 1989 கடைசியில தொடங்கின சண்டை. 1996 சித்திரையில மொன்றோவியா நகரத்துக்குள்ளயே அடிபாடு. நாட்டை ஐ.நா. பொறுப்பெடுக்கவேணும் எண்டு வீயா சொன்னதுக்காக அங்க அவற்ற வீட்டைக் கொளுத்தினவை. அதுக்குப் பிறகு நாலு மாசத்திலதான் இந்தக் கோல்.

நான் கேக்க வந்தது இதுதான். எல்லாரும் “சேரியில பிறந்து திறமையால உயர்ந்தார்” எண்டு சொல்லுவினம். கிளாரா ரவுன் எண்ட சதுப்பு நிலத்துச் சேரியில பேத்தியார் வளர்த்த பிள்ளை, தொலைபேசித் திணைக்களத்தில இணைப்புப் பலகை வேலை பாத்தவர், எல்லாம் சரி. ஆனா கமரூனுக்குப் போய் யாவுண்டேயில விளையாடேக்க அவரைக் கண்டவர் குளோட் லே றுவா, கமரூன் தேசிய அணிப் பயிற்றுநர். அவர் மொனாக்கோவில இருந்த ஆர்சன் வெங்கருக்குச் சொன்னார். வெங்கர் 1988இல எடுத்தார். அந்த ரெண்டு சோடிக் கண் இல்லாட்டி வீயா இண்டைக்கும் மொன்றோவியாவில வயர் பூட்டிக்கொண்டுதான் இருப்பார். எங்கட பக்கத்தில திறமைக்குக் குறைவில்லை. காணுற ஆள்தான் இல்லை. நான் சொல்லுறது பிழையோ?

கோலி72
வெள்ளி, இரவு 10.20

தம்பி, பாதி சரி, பாதி பிழை.

நான் முல்லைத்தீவில பத்து வருசத்துக்கு மேல கோலியாக் கம்பத்துக்குள்ள நிண்டவன், அதால என்ர கதை கொஞ்சம் கம்பத்துப் பக்கம் சாயும், குறை நினையாதையும். வீயா பரிசு வாங்கின செய்தியை நான் றேடியோவில கேட்டவன். அந்தக் காலத்துப் பிள்ளையளுக்குத் தெரியும், பற்றறி தடை. சைக்கிளைக் கவிட்டு வைச்சு ஒராள் பெடலைச் சுத்தோணும், டைனமோவில இருந்து வயர் இழுத்து றேடியோவுக்குக் குடுக்கிறது. சுத்துறவன் களைச்சா செய்தி வாசிக்கிறவரும் களைச்சுப் போவார், குரல் இழுபடும். 1996 தை மாசம் எண்டு நினைவு. உலகத்தின்ர சிறந்த வீரர் லைபீரியா நாட்டவர் எண்டு ஒரு வரி. பெடலில நிண்டவன் என்ர மச்சான். “என்ன நாடு, என்ன நாடு” எண்டு கேட்டுக்கொண்டு சுத்துறதை விட்டிட்டான். மிச்சச் செய்தி போச்சு.

இப்ப விசயத்துக்கு வாறன். கண்டால் மட்டும் காணாது, கதவும் திறக்கோணும். தங்கப் பந்து எண்டு பிரான்ஸ் சஞ்சிகை ஒண்டு 1956 தொடக்கம் குடுத்து வருதெல்லே, அது 1994 மட்டும் ஐரோப்பிய நாட்டவருக்கு மட்டும்தான். பேலேக்கு இல்லை. மரடோனா பார்சலோனாவில, நாப்போலியில விளையாடியும் இல்லை. ஏனெண்டால் அவர் ஆர்ஜென்ரீனாக்காரர். 1995இலதான் ஐரோப்பியக் கழகத்தில விளையாடுற ஆராயிருந்தாலும் சரி எண்டு விதியை மாத்தினவை. மாத்தின முதல் வருசமே வீயா எடுத்தார். கிளின்ஸ்மான் ரெண்டாவது, லித்மானன் மூண்டாவது. இண்டு வரைக்கும் ஆபிரிக்க நாட்டு அணிக்கு விளையாடின வேற ஒருத்தரும் எடுக்கேல்லை.

அப்ப சொல்லும், 1989இலயே ஆபிரிக்காவின்ர சிறந்த வீரர் எண்டு பேர் எடுத்த ஆளை, 1995க்கு முதல் ஐரோப்பா காணேல்லையோ? கண்டது. கண்டுகொண்டுதான் இருந்தது. விதி விடேல்லை.

ஸ்காபரோ மல்லாவியான்
சனி, காலை 6.05

கோலி அண்ணை சொன்னதோட ஒத்துப்போறன். அந்த 1994-95 பருவத்தைத் தேடிப் பாருங்கோ, ஆள் வேற லெவல். பாரிஸ் சென் ஜேர்மனில நிண்டு சம்பியன்ஸ் லீக்கில ஆகக்கூடின கோல் அவர்தான். மியூனிச்சில பயேர்ணுக்கு அடிச்சது வெரோனா கோலை விட எனக்குப் பிடிச்சது. இடமில்லாத இடத்துக்குள்ளால போறது அதுதான். பிரெஞ்சு லீக் 1994, மிலானோட சீரி ஆ 1996, 1999. மிலானுக்கு லீக்கில 114 ஆட்டம், 46 கோல். அந்தக் காலத்து இத்தாலியில 46 எண்டால் இப்பத்தைக் கணக்கில நூறு எண்டு வையுங்கோ (என்ர கணக்கு, சண்டைக்கு வராதேங்கோ). கடைசிக் காலம் செல்சி, மன்செஸ்ரர் சிற்றி, மார்செய், அபுதாபி எண்டு அலைஞ்சார். அதைப் பற்றிக் கதைக்க ஒண்டும் இல்லை. செல்சிக்கு வந்து இறங்கின கையோட ரொட்டன்ஹாமுக்குத் தலையால அடிச்சதை மட்டும் சொல்லலாம்.

ஆனா வாய்க்கால் அண்ணை, யுத்த நாட்டு வீரர் எண்டு ஒராளைப் பெடியளுக்குக் காட்டுறதெண்டால் நான் ட்ரோக்பாவைத்தான் காட்டுவன். 2005 ஒக்ரோபர், ஐவரி கோஸ்ற் முதல் தரம் வேர்ல்ட் கப்புக்குத் தெரிவான அண்டு, சூடானில உடுப்பு மாத்துற அறைக்குள்ள கமராவுக்கு முன்னால முழங்காலில நிண்டு ஆயுதத்தைக் கீழ வையுங்கோ எண்டு கேட்டவர். பிறகு 2007இல கிளர்ச்சியாளரின்ர கோட்டையான புவாக்கேயில மடகஸ்காரோட ஆட்டம் வைப்பிச்சு 5-0 வெண்டினம். உதைபந்து ஒரு யுத்தத்தை நிப்பாட்டினது. வீயா என்னத்தை நிப்பாட்டினார்?

குமுழமுனை_10
சனி, காலை 7.31

ட்ரோக்பா >>> வீயா. முடிஞ்சுது. பூட்டுங்கோ இழையை 😂

வாய்க்கால்கரையான்
சனி, மதியம் 1.15

பூட்ட ஏலாது தம்பி, நான் இன்னும் சோறு தின்னேல்லை.

மல்லாவியான், உந்த “நிப்பாட்டினது” எண்ட சொல்லு எனக்குத் தொண்டைக்குள்ள சிக்குது. ட்ரோக்பா கேட்டது பெரிய விசயம், அதில மறுபேச்சில்லை. அந்த வீடியோவை நானும் பாத்துக் கண்கலங்கினவன். ஆனா அங்க 2010 கடைசியில தேர்தலோட திரும்பவும் வெடிச்சதெல்லே. ஆயிரக்கணக்கில சனம் செத்தது. எங்களுக்கும் 2002இல இருந்து நாலு வருசம் பாதை திறந்து கிடந்தது. அந்த நேரம் எங்கட கழகங்கள் மன்னார், வவுனியா, யாழ்ப்பாணம் எண்டு போய் விளையாடினது. எதிர்ப் பக்கம் விளையாடின பெடியளோட ஒரே கோப்பையில பிளேன்ரீ குடிச்சனாங்கள். பந்து நிப்பாட்டிச்சுது எண்டு அப்ப நானும் நினைச்சன்.

நான் வீயாவைப் பிடிச்சது அவர் நிப்பாட்டினதுக்காக இல்லை. வெண்டு முடிஞ்ச பிறகும் அந்தத் தோத்த அணிக்கே திரும்பித் திரும்பிப் போனதுக்கு. மிலானில சம்பளம் வாங்கிக்கொண்டு, லைபீரியா அணிக்கு விமானச் சீட்டு, சேர்ட், சப்பாத்து எல்லாத்துக்கும் தன்ர காசு. ஒரு கட்டத்தில பயிற்றுநரும் அவர்தான், முன்னுக்கு நிண்டு அடிக்கிறவரும் அவர்தான். 1996இல முதல் தரம் ஆபிரிக்கக் கிண்ணத்துக்குப் போச்சினம். 2002 வேர்ல்ட் கப்புக்கு ஒரே ஒரு புள்ளியால தவறினது. நைஜீரியா 16, லைபீரியா 15. என்ர பெடியனுக்கு அதைத்தான் விளங்கப்படுத்தினன். “ஒரு புள்ளியோ, ஒரு ட்ரோவோ?” எண்டு கேட்டிட்டுக் கல்லைத் தூக்கி வாய்க்காலுக்குள்ள எறிஞ்சான், தானே தோத்த மாதிரி.

பாலைப்பழம் ரீச்சர்
சனி, இரவு 7.40

இழையை முழுக்க வாசிச்சன். ஆம்பிளையள் எல்லாரும் கோல் வடிவைப் பற்றியே கதைக்கிறியள். நான் பஸ் காசைப் பற்றிக் கதைக்கப்போறன்.

அண்ணை பெருமையாச் சொன்ன விசயம்தான் எனக்கு உறுத்துது. ஒராள் தன்ர பொக்கற்றுக்குள்ள இருந்து எடுத்துக் குடுத்தாத்தான் ஒரு நாட்டின்ர அணி பிளேன் ஏறும் எண்டால், அது அந்த ஆளுக்குப் பெருமை. அணிக்கு? அவருக்கு ஒரு காய்ச்சல் வந்தால், கால் முறிஞ்சால், கோவம் வந்தால் என்ன செய்யிறது? அவர் விட்ட பிறகு லைபீரியா எத்தினை தரம் ஆபிரிக்கக் கிண்ணத்துக்குப் போனது எண்டு பாருங்கோ. 1996, 2002. ரெண்டும் அவற்ற காலம். அதுக்குப் பிறகு நீண்ட இடைவெளி.

நான் பெம்பிளைப் பிள்ளையளுக்கு விளையாட்டுப் பாடம் எடுக்கிறனான். எந்தப் பள்ளிக்கூடம் எண்டு சொல்லத் தேவையில்லை, வன்னியில எந்தப் பள்ளிக்கூடத்துக்கும் பொருந்தும். எங்கட அலுமாரிக்குள்ள வெளிநாட்டில இருக்கிற எங்கட ஆக்களின்ர கழகங்கள் அனுப்பின ஜேர்சி மூண்டு செற் கிடக்கு. ஒண்டு சிவப்பு, ஒண்டு நீலம், ஒண்டு மஞ்சளும் பச்சையும். முதுகில ஆற்றையோ அப்பாவின்ர ஞாபகார்த்தம் எண்டு பேர், பிறந்த திகதி, இறந்த திகதி. பிள்ளையள் அதைப் போட்டுக்கொண்டு வெறுங்காலோட ஓடுதுகள். மூண்டு செற் ஜேர்சி, பூட்ஸ் ஆறு சோடி. அதில ரெண்டு சோடிக்கு அடி கழண்டு போச்சுது, சைக்கிள் ரியூப்பை வெட்டி வளையம் போட்டு மாட்டியிருக்கிறம். ஆட்டத்துக்கு முதல் பிள்ளையள் கால் அளவு பாத்துப் பங்கு போடுங்கள். இடைவேளையில மாத்தும்கள்.

தெரிவுப் போட்டிக்குக் கொழும்புக்கு வரச்சொல்லிக் கடிதம் வந்தது ஒருக்கா. ரெண்டு பிள்ளையள். இரவு பஸ், கூட ஒரு தாய், தங்கிற இடம், சாப்பாடு. ஜேர்சி அனுப்பின கழகத்துக்கு எழுதிக் கேட்டம். பதில் என்ன தெரியுமோ? “ரீச்சர், பஸ் காசுக்கு படம் எடுத்துப் போடேலாதே.” அப்பிடியே எழுதேல்லை, ஆனா கருத்து அதுதான். ஒரு பிள்ளை போகேல்லை. மற்றது போனது, தோட்டுக் காசில. ஆற்றை தோடு எண்டு கேக்காதேங்கோ.

கண்டது ஆர் எண்டு கேட்டியள் அண்ணை. சிலவேளை காணுற ஆக்கள் இருக்கினம். கண்ட இடத்துக்குப் போய்ச் சேரத்தான் வழி இல்லை.

ஸ்காபரோ மல்லாவியான்
சனி, இரவு 9.02

ரீச்சர், அந்த மஞ்சளும் பச்சையும் எங்கட கழகம் அனுப்பினதோ எண்டு நெஞ்சு திக்கெண்டுது. முதுகில இருக்கிற பேரின்ர முதல் எழுத்து “க” வோ?

பாலைப்பழம் ரீச்சர்
சனி, இரவு 9.10

சொல்லமாட்டன். சேர்ட் நல்ல துணி. தோய்ச்சாலும் சாயம் போகேல்லை.

குமுழமுனை_10
ஞாயிறு, காலை 8.18

எல்லாரும் வீயாவைச் சாமியாக்கிறியள். 1996 நொவெம்பர், போர்த்தோவோட ஆட்டம் முடிஞ்சு உள்ள போற வழியில ஜோர்ஜ் கொஸ்ராவுக்குத் தலையால அடிச்சு மூக்கை உடைச்சவர். ஆறு ஆட்டம் தடை. அதே வருசம் பீபாவின்ர நேர்மை ஆட்டப் பரிசு வேற! உதுக்கு என்ன சொல்லுறியள்?

கோலி72
ஞாயிறு, காலை 9.47

உள்ளதுதான். நிறத்தைச் சொல்லித் திட்டினான் எண்டு வீயா சொன்னார், மற்றவர் இல்லையெண்டார். சாட்சி இல்லை. அடிச்சது பிழை எண்டு வீயாவே ஒத்துக்கொண்டவர்.

நான் ஒரு ஆட்டத்தில ஒருத்தன்ர கையை உழக்கினவன், 1993இல. அவன் என்ர தமையன்ர பேரைச் சொல்லி ஒரு கதை கதைச்சவன். தமையன் போய் ஆறு மாசம். நடுவர் கண்டவர், விசில் ஊதேல்லை. அவருக்கும் அந்தக் கதை கேட்டிருக்கும். அதால இந்த விசயத்தில என்னட்டைத் தீர்ப்புக் கேளாதையும் தம்பி.

சுண்டிக்குளத்தாள்
ஞாயிறு, மதியம் 2.33

நான் இந்தப் பகுதிக்கு வாறதில்லை. என்ர மகன் வாசிச்சுக் காட்டினான், எழுதாமல் இருக்க முடியேல்லை.

வீயா விளையாடினதை மட்டும் கதைச்சு விட்டுப் போனால் நானும் ஒண்டும் சொல்லமாட்டன். ஆனா அவர் ஜனாதிபதியாவும் இருந்தவர். 2005இல எலன் ஜோன்சன் சேர்லீஃபிட்டைத் தோத்து, 2017 கடைசியில வெண்டு, 2018 தையில பதவி ஏற்று ஆறு வருசம் ஆண்டவர். லைபீரியாவின்ர உண்மை நல்லிணக்க ஆணைக்குழு 2009இலயே அறிக்கை குடுத்திட்டுது, போர்க்குற்றத்துக்கு விசேட நீதிமன்றம் வைக்கச் சொல்லி. அந்தச் சனம் கேட்டுக்கொண்டே இருந்தது. அவற்ற ஆறு வருசத்திலயும் வரேல்லை. அவற்ற உப ஜனாதிபதி ஆர் தெரியுமோ? 1989இல அந்தச் சண்டையைத் தொடக்கின சாள்ஸ் ரெய்லரின்ர முன்னாள் மனைவி. ரெண்டாம் சுற்றுத் தேர்தலில அவருக்கு ஆதரவு குடுத்ததில ஒராள் பிரின்ஸ் ஜோன்சன், 1990இல அப்பத்தைய ஜனாதிபதியைப் பிடிச்ச படைக்குத் தலைவர். வீயாவுக்குப் பிறகு ஜனாதிபதியா வந்த போவக்காய்தான் 2024 வைகாசியில நீதிமன்றத்துக்கான அலுவலகம் வைக்கக் கையெழுத்துப் போட்டது.

கிளிநொச்சி கந்தசாமி கோயிலடியில காணாமல் ஆக்கப்பட்ட ஆக்களின்ர உறவுகள் 2017 மாசி 20 தொடங்கின போராட்டப் பந்தலில என்ர அம்மா இருந்தவ. தம்பியின்ர படத்தை மடியில வைச்சுக்கொண்டு. மழைக்குப் படம் நனையாமல் இருக்கப் பொலித்தீன் பையால சுத்தி, அதுக்கு மேல தன்ர சீலைத் தலைப்பால மூடி வைப்பா. இப்ப அம்மா இல்லை, நான் போறனான். எங்களுக்கு விளங்கும், ஆணைக்குழு அறிக்கை எண்டால் என்ன, அது மேசையில கிடக்கிறது எண்டால் என்ன எண்டு. வேற ஆர் செய்யாட்டியும் பரவாயில்லை. தன்ர வீட்டைக் கொளுத்தினவனைத் தெரிஞ்ச ஆள் செய்திருக்கவேணும்.

கோல் வடிவுதான். மகன் காட்டினவன்.

மட்டுறுத்துனர்
ஞாயிறு, மாலை 4.00

உறவுகளே, அரசியலுக்குத் தனிப் பகுதி உண்டு. ஆனால் மேலே உள்ள பதிவு நீக்கப்படாது. தொடருங்கள்.

கோலி72
ஞாயிறு, மாலை 6.25

தங்கச்சி எழுதினதுக்கு நான் பதில் எழுதேல்லை. வாசிச்சன்.

வீயாவின்ர அரசியலில எனக்குத் தெரிஞ்ச ஒரு நல்லது, 2023இல ரெண்டு வீதமும் இல்லாத வித்தியாசத்தில தோத்தார். முழு முடிவும் வர முதலே போவக்காயைக் கூப்பிட்டு வாழ்த்துச் சொல்லிப்போட்டுப் போனார். அந்தப் பக்கத்தில அது சின்ன விசயம் இல்லை. கெட்டது நிறைய, விலைவாசிக்கு 2019இல சனம் தெருவுக்கு இறங்கினது. காசு ஆளிட்டை இருந்தால் பொக்கற்றுக்குள்ள கையை விட்டுக் குடுக்கலாம். திறைசேரிக்குள்ள அப்பிடிக் கையை விடேலாதெல்லே.

சிரிக்கிறதுக்கு ஒண்டு. 2018 செப்டெம்பர் 11, ஜனாதிபதியா இருந்துகொண்டே நைஜீரியாவுக்கு எதிரா நட்பு ஆட்டத்தில இறங்கினவர். 51 வயசு, 79 நிமிசம் நிண்டவர். அவற்ற 14ஆம் இலக்கச் சேர்ட்டுக்கு ஓய்வு குடுக்கிற ஆட்டம். லைபீரியா 2-1 தோத்தது. நான் பாத்தது நைஜீரியாப் பின்வரிசைப் பெடியனைத்தான். பாவம், நாட்டின்ர ஜனாதிபதி பந்தோட வாறார், சுத்தி மெய்க்காவலர். எப்பிடித் தம்பி ராக்கிள் பண்ணுறது?

ஸ்காபரோ மல்லாவியான்
ஞாயிறு, இரவு 7.50

ஒண்டு ஒருத்தரும் சொல்லேல்லை. மகன் திமோத்தி. நியூயோர்க்கில பிறந்து அமெரிக்காவுக்கு விளையாடுறான். 2022 கட்டார் வேர்ல்ட் கப்பில வேல்ஸுக்குக் கோல் அடிச்சான். தகப்பன் போகாத இடம். அண்டைக்கு என்ர வீட்டில ரிவி ஓடிக்கொண்டிருந்தது, என்ர பெடியன் பக்கத்தில இருந்தவன். “அப்பா, அவனுக்கு லைபீரியாவுக்கு விளையாட விருப்பம் இல்லையா?” எண்டு இங்கிலீசில கேட்டான். எனக்குச் சொல்ல ஒண்டும் வரேல்லை. நீ மல்லாவிக்கு விளையாடுவியோ எண்டு கேட்டன். அவன் மல்லாவி எங்க எண்டு கேட்டான்.

ரீச்சர், கழகத்தில கதைச்சிட்டன். இனி ஜேர்சி இல்லை. பஸ் காசும் பூட்ஸும். பேர் எங்கயும் அடிக்கத் தேவையில்லை எண்டு சொன்னன், ரெண்டு பேர் முகத்தைச் சுழிச்சவை, பரவாயில்லை. வாய்க்கால் அண்ணை, நீங்களும் உங்கட பெடியளின்ர கால் அளவு தாங்கோ. அவையளைக் கிறவுண்டில நிப்பாட்டி அளந்து சரியா எழுதுங்கோ, உத்தேசம் வேண்டாம்.

வாய்க்கால்கரையான்
திங்கள், இரவு 8.12

சுண்டிக்குளத்து அக்கா, நீங்கள் எழுதினதுக்குப் பிறகு அந்தக் கோலை இன்னொருக்கா போட்டுப் பாத்தன். முந்தி மாதிரி இல்லை. அதுக்கு நன்றி சொல்லுறதோ எண்டு தெரியேல்லை. பெடியளுக்கு அந்தப் பாதிக் கதையையும் சொல்லுவன். எப்பிடிச் சொல்லுறது எண்டு இன்னும் யோசிக்கேல்லை.

ரீச்சர், கண்ட ஆக்களை விட வழிதான் பிரச்சினை எண்டு சொன்னியள். தோத்திட்டன், ஒத்துக்கொள்ளுறன். வீயாவும் யாவுண்டேக்குப் பிளேன் ஏறின பிறகுதானே லே றுவா கண்டவர்.

இண்டைக்குப் பின்னேரம் கடதாசி மட்டையில எல்லாற்ற காலையும் வைச்சுப் பென்சிலால கீறினம். சேறு காய்ஞ்ச காலுகள், மட்டை முழுக்க மண். கடைக்காரப் பெடியன் ஒருத்தனைக் கூட்டிக்கொண்டு வந்து இலக்கம் சரி பாத்தாச்சு. எழுதுங்கோ:

5 — நாலு சோடி
6 — ஆறு சோடி
7 — நாலு சோடி
8 — ரெண்டு சோடி
11 — ஒரு சோடி

பதினொண்டு பிழையில்லை, ரெண்டு தரம் அளந்தனான்.

காலடி வைச்சு அளந்த பெடியன் இப்ப வீயா எத்தினை தரம் பந்தைத் தொட்டவர் எண்டு எண்ணுறான். மூண்டு தரம் எண்ணினானாம், மூண்டு தரமும் வேற வேற.

கோலி72
திங்கள், இரவு 8.20

பதினொண்டோ? அவன் ஆர்?

வாய்க்கால்கரையான்
திங்கள், இரவு 8.26

கோலி நிக்கிறவன் அண்ணை. கீழ வாற பந்துக்கு விழமாட்டான், அதுதான் ஒரு குறை. மேல வாறது ஒண்டும் போகாது.

கோலி72
திங்கள், இரவு 8.27

என்ன வயசு?

வாய்க்கால்கரையான்
திங்கள், இரவு 8.31

வாற ஆவணியோட 15.

கோலி72
திங்கள், இரவு 8.33

புதன் எத்தினை மணிக்குப் பழக்கிறனீர்? முல்லைத்தீவில இருந்து மூண்டரைக்கு வெளிக்கிடுவன். நான் வாறதைப் பெடியனுக்குச் சொல்லாதையும்.